லுத்ஃபியின் படத்தில் ஒரு தமிழ்க் குரல்

உட்காருங்கள் தம்பி. அந்த நாற்காலி வேண்டாம், அதற்கு ஒரு கால் ஆடும். கட்டிலிலேயே உட்காருங்கள். ஏன் இப்படி ஓரமாக? ஃபைட்டர் வீடு என்றால் எல்லோரும் வாசலுக்குப் பக்கமாகவே உட்காருகிறார்கள். நான் அடித்ததெல்லாம் கேமரா முன்னால்தான். வீட்டில் யார்மேலும் கை வைத்தது கிடையாது.

கீழே கேட்டுக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தானே, கறுப்புக் கண்ணாடி, அவன்தான் வேதகிரி. என் தங்கை தனபாக்கியத்தின் வீட்டுக்காரன். உங்களுக்குக் கதவு திறந்துவிட்டவள்தான் என் தங்கை. அவளிடம் என்ன சொன்னீர்கள்? எகிப்துப் படம் ஒன்றில் தமிழ்க் குரல் கேட்டது, அது யாருடையது என்று தேடிக்கொண்டு வந்தேன் என்று சொல்லிவிட்டீர்களா?

சரி. சொல்லியாயிற்று. விடுங்கள்.

அந்தப் படத் துண்டு போனில் இருக்கிறதா? இருக்கட்டும். இப்போது போட வேண்டாம், சத்தம் கீழே கேட்கும். எனக்கு அது மனப்பாடம். "மச்சான், நான் இன்னும் தட்டல." அவ்வளவுதானே? அதற்கு என்ன அர்த்தம் என்று சொல்கிறேன். முதலில் என் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன், பிறகு மறந்துபோகும்.

நீங்கள் எகிப்து டைரக்டர் லுத்ஃபி பர்ஹூமைப் பற்றிப் புத்தகம் எழுதுகிறீர்கள். எழுத வேண்டிய ஆள்தான். ஆனால் அவருடைய 'உப்புத் தெரு' படத்தின் கடைசியில் பெயர்கள் ஓடும்போது, சண்டை அமைப்பு லுத்ஃபி பர்ஹூம் என்று வருகிறது. அவரே போட்டுக்கொண்டார். சைதாலி படித்துச் சொன்னான். சைதாலி மலையாளத்துக்காரன், கெய்ரோவில் ஓட்டலில் வேலை பார்த்தவன், எங்களுக்கும் அவர்களுக்கும் நடுவில் பேச்சை மாற்றிக் கொடுப்பான். உலகம் முழுக்கப் படித்தவர்கள் பேசுகிற அந்த ஒரு அடி இருக்கிறதே, அதைக் கொடுத்தது இந்தக் கை. உங்கள் புத்தகத்தில் ஒரு வரி வர வேண்டும். அந்த அடி மாசிலாமணி கொடுத்தது என்று. அதற்காகத்தான் வரச் சொன்னேன். குறித்துக்கொள்ளுங்கள், எழுத்துப்பிழை வேண்டாம்.

இனிமேல் அவர் கதை.

அவர் பிறந்தது கெய்ரோவில், மாடு அறுக்கும் கூடத்துக்குப் பின்னால் இருந்த தெருவில். அப்பன் கசாப்புக்காரன். காய்ந்த மாட்டு வாலால் அடிப்பானாம். எங்களுக்கு ஒரு நாள் சட்டையைக் கழற்றி முதுகைக் காட்டினார். சாலை போட்ட மாதிரி கோடு கோடாக இருந்தது. காட்டும்போது சிரித்தார். அப்பா நல்லவர், என்னைத் தவிர யாரையும் அடித்ததில்லை என்றார். அந்தச் சிரிப்பை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். பெரிய மனிதர்களுக்குத்தான் அப்படிச் சிரிக்க வரும்.

அங்கிருந்து ஓடிப்போய் ஸ்டுடியோ வாசலில் நின்றிருக்கிறார். கூட்டத்தில் நிற்கிற வேலை. ஒரு படத்தில் கதாநாயகன் இவரை அறைய வேண்டும். அந்த டைரக்டருக்கு அறை பிடிக்கவில்லை. திரும்பத் திரும்ப எடுத்தார்களாம். நிஜ அறை. கன்னம் வீங்கி ஒரு கண் மூடிக்கொண்ட பிறகுதான் ஓகே ஆயிற்று. பிறகு தியேட்டரில் போய்ப் பார்த்திருக்கிறார். படம் முழுக்கப் பொய், அந்த ஓர் இடத்தில் மட்டும் உயிர் இருந்தது என்று சொன்னார். சினிமா என்றால் என்னவென்று அன்றைக்குத்தான் தெரிந்ததாம்.

அவர் எடுத்த முதல் படம் துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறவர்களைப் பற்றியது. அதில் போலீஸ்காரன் தடியால் அடிக்கிற காட்சி வரும். படத்தைத் தடை செய்துவிட்டார்கள். ஏன் தெரியுமா? போலீஸ் அடிப்பது போலீஸ் அடிப்பது மாதிரியே இருந்தது, அதனால். அவரையும் பிடித்து உள்ளே வைத்தார்கள். இடது கை விரல்களைக் கதவிடுக்கில் வைத்து நசுக்கினார்களாம். வெளியே வந்தபோது அந்த விரல்கள் மடங்கவில்லை. கடைசிவரைக்கும் மடங்கவில்லை. அந்த விறைத்த விரல்களைக் கண்ணுக்கு நேரே பிடித்துத்தான் ஷாட் பார்ப்பார். யூனிட்டில் எல்லோருக்கும் அந்தக் கையைக் கண்டால் குலை நடுங்கும்.

அதற்கப்புறம் யாரும் வேலை கொடுக்கவில்லை. பாட்டும் கல்யாணமுமாகச் சில படங்கள் எடுத்தார். அவற்றைப் பற்றிப் பேசினால் காறித் துப்புவார். உண்மையாகவே துப்புவார், தரையில். கடைசியில் வளைகுடாவிலிருந்து ஒரு தயாரிப்பாளர் வந்தார். இந்தியச் சண்டை இருந்தால் படம் ஓடும், இந்திய ஃபைட்டர்களைக் கூட்டி வாருங்கள் என்று சொன்னார். அப்படித்தான் நானும் வேதகிரியும் போனோம். நான்தான் அவனைக் கூட்டிக்கொண்டு போனேன். என் தங்கைக்குக் கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை. அவள் வேண்டாம் என்றாள். அண்ணன் கூட இருக்கும்போது என்ன பயம் என்று நான்தான் சொல்லிச் சம்மதிக்க வைத்தேன்.

முதல் நாளே ஒரு கூத்து நடந்தது. அங்கே கதாநாயகன் ஒரு மென்மையான ஆள், அடி வாங்கினால் பூ விழுந்த மாதிரி தலையைத் திருப்புவான். லுத்ஃபிக்குக் கோபம் வந்துவிட்டது. எல்லோர் முன்னாலும் என்னைக் கூப்பிட்டு, என்னை அடி என்றார். சைதாலி அதை என்னிடம் சொன்னான். "மாசிலாமணி அண்ணா, இவர் நிஜமா அடிக்கச் சொல்றார். மெல்ல அடிச்சா உங்களை ஊருக்கு அனுப்பிடுவாராம்."

நான் லுத்ஃபியின் முகத்தைப் பார்த்தேன். அவர் காலைப் பார்த்தேன். கொஞ்ச நேரம் காத்திருந்தேன். பிறகு அடித்தேன். முன்பல் ஒன்று உடைந்து உதட்டில் குத்திக்கொண்டது. ரத்தம் சட்டையெல்லாம். அவர் பல்லைக் கையில் துப்பிப் பார்த்தார். கதாநாயகனிடம் அதை நீட்டி, இதுதான் நடிப்பு என்றார். பிறகு என்னைக் கட்டிப் பிடித்து இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தார். என் கன்னத்தில் அவர் ரத்தம். நான் அன்றைக்கு முகம் கழுவவில்லை தம்பி. சென்னையில் எத்தனையோ பேரிடம் வேலை பார்த்திருக்கிறேன், யார் என்னைக் கட்டிப் பிடித்தார்கள்?

ஆனால் சாயந்திரம் டீ குடிக்கும்போது ஒன்று கேட்டார். அடிப்பதற்கு முன்னால் என் காலைப் பார்த்தாயே, ஏன்?

அப்போதுதான் சொன்னேன். சென்னையில் எங்கள் மாஸ்டர் போட்ட சட்டம் அது. அடி வாங்குகிறவன் தயாராகிவிட்டால் குதிகாலைத் தரையில் ஒரு தட்டுத் தட்டுவான். மெல்லத்தான். கேமராவுக்குத் தெரியாது. அடிக்கிறவனுக்கு அது காதில் கேட்கும், கேட்காவிட்டாலும் தரைப் பலகை அதிர்வது உள்ளங்காலுக்குத் தெரியும். தட்டினால்தான் கை போக வேண்டும். தட்டாமல் கை போகக் கூடாது. இருட்டு, புகை, இரைச்சல், எது இருந்தாலும் அந்தத் தட்டை நம்பித்தான் ஒருவன் மூஞ்சியை இன்னொருவனிடம் கொடுக்கிறான். அதுதான் எங்கள் தொழிலே. மற்றதெல்லாம் குதிப்பதும் விழுவதும்தான்.

லுத்ஃபி அதை ரொம்ப கவனமாகக் கேட்டார். இரண்டு முறை சொல்லச் சொன்னார். தன் குதிகாலால் தட்டிப் பார்த்தார். அவருக்கு எதையும் உடனே பிடித்துக்கொள்கிற மூளை.

இப்போது அந்த அடிக்கு வருகிறேன்.

உப்புத் தெருவில் ஒரு காபிக்கடை. உப்பளத்தில் வேலை செய்கிற ஓர் ஏழை கூலி கேட்டு வந்து நிற்கிறான். முதலாளியின் அடியாள் மேஜைமேல் இருக்கிற பாட்டிலை எடுத்து அவன் முகத்தில் அடிக்கிறான். அவ்வளவுதான் காட்சி. ஏழையாக நடிக்க அங்கேயே ஆள் வைத்திருந்தார்கள். லுத்ஃபி அவனை அனுப்பிவிட்டு வேதகிரியைப் போட்டார். நம் ஆள் நல்ல கறுப்பு, கன்னம் ஒட்டி, பெரிய கண். நைல் ஆற்றின் மேல்பக்கத்து மனிதன் மாதிரியே இருக்கிறான் என்று அவன் முகத்தை அந்த விறைத்த விரல்களுக்கு நடுவில் வைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தார். அடியாள் நான். ஆனால் கேமரா என் முதுகுக்குப் பின்னால். வேதகிரியின் முகம் முழுசாகத் தெரியும், என்னுடையது முதுகு மட்டும்.

நான் வருத்தப்படவில்லை. முதுகுக்கும் நடிப்பு உண்டு. அவனுக்கு இந்தத் தொழிலைச் சொல்லிக் கொடுத்ததே நான். எனக்கு என்ன வருத்தம்? ஓட்டலில் ராத்திரி அவன் கண்ணாடி முன்னால் நின்று, "மச்சான், என் மூஞ்சி அவ்ளோ நல்லாவா இருக்கு?" என்று கேட்டுச் சிரித்தான். நானும் சிரித்தேன். படுடா போய் என்றேன்.

அடிக்கிற பாட்டில் நிஜப் பாட்டில் கிடையாது தம்பி. மெழுகில் செய்தது. பட்டதும் பொடிப் பொடியாக உதிரும். கெய்ரோ வெயிலில் அது இளகிவிடும் என்று, சாமான்களைப் பார்த்துக்கொள்கிற ஃபத்ஹி என்பவன் ஐஸ் பெட்டியில் துணி சுற்றி வைத்திருப்பான். ஷாட் சமயத்தில் எடுத்து வைப்பான். கையில் எடுத்தால் சில்லென்று இருக்கும்.

காலையிலிருந்து எடுத்தோம். வேதகிரி குதிகாலைத் தட்டுவான், நான் அடிப்பேன், மெழுகு உதிரும், இவன் சரிவான். சுத்தமான வேலை. லுத்ஃபிக்குப் பிடிக்கவில்லை. அடி வருகிறது என்று முகத்துக்குத் தெரிந்துவிடுகிறது, தட்டியவுடன் கண் சுருங்குகிறது, எனக்கு அது வேண்டாம் என்றார். பகல் சாப்பாட்டுக்கு அப்புறம் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். சைதாலியும் கூட வந்தான். அடுத்த டேக்கில் அவன் தட்டுவதற்கு முன்னாலேயே அடி என்றார். அவனிடம் சொல்லாதே என்றார்.

சைதாலி இதை மாற்றிச் சொல்லிவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டான். "அண்ணா, பற்றாது, முடியாதுன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. நான் அவர்கிட்டச் சொல்றேன்."

சைதாலிக்குச் சினிமா தெரியாது. ஓட்டல்காரன்.

நான் லுத்ஃபியைப் பார்த்தேன். அவர் என் தோளில் கை வைத்தார், அந்த மடங்காத கையை. நீ ஒருத்தன்தான் இதைச் செய்ய முடியும் என்றார். அப்படிச் சொன்ன டைரக்டரிடம் என்ன பதில் சொல்வீர்கள்? மெழுகுப் பாட்டில்தானே, தட்டினால் என்ன, தட்டாவிட்டால் என்ன?

லைட் போட்டார்கள். லுத்ஃபி மேஜைப் பக்கம் ஒருமுறை போய்விட்டு வந்தார். டைரக்டர் என்றால் மேஜைப் பக்கம் போகத்தான் செய்வார். கேமரா ஓடியது. வேதகிரி என் முன்னால் வந்து நின்றான். வசனம் கிடையாது, கையை மட்டும் நீட்ட வேண்டும். நீட்டினான். நான் மேஜையிலிருந்து பாட்டிலை எடுத்தேன்.

அது சில்லென்று இல்லை தம்பி. வெதுவெதுவென்று இருந்தது. கனமாகவும் இருந்தது.

நான் என்ன செய்ய முடியும்? ஃபிலிம் ஓடிக்கொண்டிருக்கிறது. இந்தக் காலத்து ஆட்களுக்கு அது புரியாது. ஃபிலிம் ஓடும்போது கை நின்றால் அவன் ஃபைட்டரே கிடையாது. வேதகிரி என்னைப் பார்த்து லேசாகச் சிரித்தான், எங்களுக்குள் இருக்கிற சிரிப்பு. குதிகாலைத் தூக்கினான். தூக்கிய கால் கீழே வருவதற்குள் நான் அடித்துவிட்டேன்.

கன்னப்பொறியில் பட்டு உடைந்தது. கண்ணாடி முழுக்க இடது கண்ணில். தேங்காய் உடைத்த மாதிரி ஒரு சத்தம். அவன் விழவில்லை. அப்படியே நின்றான். முகத்தில் பாதி கிழிந்து தொங்கியது, அந்தப் பக்கம் கண் இருக்கிற இடமே தெரியவில்லை. கையை முன்னால் நீட்டித் துழாவிக்கொண்டு என்னைத் தேடினான். அப்போதுதான் சொன்னான்.

"மச்சான், நான் இன்னும் தட்டல."

கோபமாகச் சொல்லவில்லை. ஏதோ கணக்கில் எனக்குத் தப்பு வந்துவிட்டது, அதைத் திருத்துகிற மாதிரி சொன்னான். லுத்ஃபி கட் சொல்லவில்லை. கேமரா ஓடியது. அவன் மேஜையைப் பிடித்து, மேஜைத் துணியோடு சேர்ந்து விழுகிற வரைக்கும் ஓடியது. படத்தில் பார்த்திருப்பீர்களே. வெள்ளைக்காரர்களுக்கு அது என்ன மொழி என்று தெரியாது, கீழே எழுத்துப் போடாமல் விட்டுவிட்டார்கள். யாரோ ஒருவர், அது வலியின் மொழி என்று எழுதியிருக்கிறார் என்று நீங்கள்தானே போனில் சொன்னீர்கள்? இன்னொருவர் அந்தத் தூக்கிய காலைப் பற்றி எழுதியிருக்கிறார், ஓடித் தப்பிக்கத் துடிக்கும் மனிதனின் கால் என்று. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவன் எங்கே ஓடப் பார்த்தான்? நான் தயார் மச்சான் என்று சொல்லத்தானே காலைத் தூக்கினான்.

அப்புறம் ஒரே களேபரம். யூனிட் ஆட்கள் ஃபத்ஹியை இழுத்துக்கொண்டு போய் செட்டுக்குப் பின்னால் போட்டு மிதித்தார்கள். நிஜப் பாட்டிலை வைத்துவிட்டான் என்று. நானும் போய் உதைத்தேன். அடிபட்டவன் என் தங்கையின் புருஷன் ஆயிற்றே, உதைக்காமல் நிற்க முடியுமா? ஃபத்ஹி அந்த ஐஸ் பெட்டியை இழுத்துத் திறந்து திறந்து காட்டி அழுதான். மெழுகுப் பாட்டில் உள்ளேயே இருந்தது, துணி சுற்றி, சில்லென்று. அவன் விலா எலும்பு உடைந்தது என்று பிறகு கேள்விப்பட்டேன். பாவம்தான். ஆனால் அந்த நேரத்தில் யாரையாவது அடிக்காவிட்டால் யூனிட்டே வெடித்திருக்கும்.

லுத்ஃபி அவனை அடிக்கவில்லை. தடுக்கவும் இல்லை. தன் சட்டையைக் கிழித்து வேதகிரியின் முகத்தை அழுத்திப் பிடித்துக்கொண்டு, காரில் ஆஸ்பத்திரி வரைக்கும் மடியில் வைத்துக்கொண்டு போனார். அழுதார். அந்தக் கண்ணீர் நிஜம், நான் சாட்சி. மறுநாள் அந்த ஷாட்டைப் போட்டுப் பார்த்தபோதும் அழுதார். அதே கண்ணீர்தான்.

இடது கண் அன்றைக்கே போயிற்று. ஊருக்கு வந்த பிறகு வலது கண்ணும் மங்க ஆரம்பித்தது. ஒரு கண்ணில் பட்ட அடி மற்றக் கண்ணையும் இழுத்துக்கொண்டு போகும் என்று டாக்டர் சொன்னார். மாசமாக இருந்த என் தங்கைக்குக் குழந்தை பிறந்தபோது அவன் அதன் முகத்தைத் தடவித்தான் பார்த்தான்.

அவளிடம் என்ன சொன்னேன் என்றா கேட்கிறீர்கள்? நடந்ததைத்தான் சொன்னேன். வேதகிரி தட்டினான், நான் அடித்தேன், ஃபத்ஹி என்கிற முட்டாள் பாட்டிலை மாற்றி வைத்துவிட்டான். பெண்களுக்கு அவ்வளவு தெரிந்தால் போதும். வேதகிரியும் மறுத்ததில்லை. அவன் பேச்சே குறைந்துவிட்டது. நான் அவர்களை விட்டுவிடவில்லை தம்பி. கீழ் வீட்டைக் கொடுத்து என் கண் முன்னாலேயே வைத்துப் பார்த்துக்கொள்கிறேன். வேறு எந்த அண்ணன் செய்வான்?

லுத்ஃபியின் முடிவையும் எழுதிக்கொள்ளுங்கள். 'உப்புத் தெரு'வுக்கு வெளிநாட்டில் பரிசு கிடைத்த பிறகு பெரிய ஆளாகிவிட்டார். ஆனால் நடிகர்கள் யாரும் அவரிடம் வரப் பயந்தார்கள். ஒரு நடிகையின் கையை அடுப்பில் வைத்து அழுத்தினார் என்று வழக்கெல்லாம் நடந்தது. அடுத்தடுத்து இரண்டு படம் விழுந்தது. கடைசிப் படத்தில் ஒரு லாரி மனிதனை நோக்கி வருகிற காட்சி. யாரும் நிற்கச் சம்மதிக்கவில்லை. அவரே போய் நின்றார். டிரைவரிடம், நான் கையைத் தூக்கினால்தான் பிரேக் போட வேண்டும், அதற்கு முன்னால் போடாதே என்றாராம். லாரி வந்தது. அவர் கையைத் தூக்கவில்லை. லாரி நிற்கவில்லை. சுவரோடு சுவராகிவிட்டார். சைதாலிதான் போன் பண்ணிச் சொன்னான். சொல்லிவிட்டு, வேதகிரி அண்ணன் எப்படி இருக்கிறார் என்று கேட்டான். நல்லா இருக்கான் என்றேன்.

அன்றைக்கு நான் சாப்பிடவில்லை. அப்படி ஒரு மனிதர் இனிமேல் வருவாரா?

கிளம்புகிறீர்களா? அதற்குள்ளா? முகம் ஏன் இப்படி வெளுத்துப்போயிருக்கிறது? ரத்தம் என்றால் ஒத்துக்கொள்ளாதா? இப்படிப் பயந்தால் எப்படிப் புத்தகம் எழுதுவீர்கள்? அந்த ஒரு வரி மறக்க வேண்டாம். தட்டுக்கு முன்னால் அடித்த அடி, மாசிலாமணி கொடுத்தது. வேறு எந்த ஃபைட்டரும் அதைச் செய்திருக்க மாட்டான், சட்டம் சட்டம் என்று நின்றிருப்பான். அதையும் சேர்த்து எழுதினால் நல்லது.

வாருங்கள், கேட் வரைக்கும் வருகிறேன். படி குறுகல், பார்த்து வாருங்கள். போனை உள்ளே வைத்துவிடுங்கள் தம்பி. தங்கை கேட்டால் அந்தத் துண்டு அழிந்துவிட்டது என்று சொல்லுங்கள். அவளுக்கு ரத்த அழுத்தம்.

நில்லுங்கள், நில்லுங்கள். கேட்டதா?

டொக் என்று. அதுதான், கேட் பக்கத்திலிருந்து. வேதகிரிதான். என் செருப்புச் சத்தம் படியில் கேட்டதும் குதிகாலைத் தட்டுவான். நீங்கள் வந்தபோது தட்டினானா? தட்டியிருக்க மாட்டான். பேரப்பிள்ளைகள் மேலே ஏறி விளையாடினாலும் தட்ட மாட்டான், தனபாக்கியம் சோறு ஊட்டினாலும் தட்ட மாட்டான். எனக்கு மட்டும்தான். நான் பக்கத்தில் போகிறபோதெல்லாம் கையை மடியில் கோத்துக்கொண்டு, முகத்தைக் கொஞ்சம் தூக்கி, ஒரு தட்டு. இத்தனை வருஷமாகியும் தொழில் மரியாதை போகவில்லை பாருங்கள்.

என்ன தனம், படிக்கிற கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படியடியில் நிற்கிறாய்? தம்பிக்கு நேரமாயிற்று, பஸ் போய்விடும். வழியை விடு.

தம்பி, அந்தப் போனை அவளிடம் கொடுக்காதீர்கள். தம்பி.